வெள்ளை அட்டை

கொன்னூர் நெடுஞ்சாலையிலிருந்து ஓட்டேரி நாலா வரைக்கும்
எண்ணூற்றுச் சொச்சம் மீட்டர்கள் என் கணக்கில்.
இரண்டு மாதத்துக்கு ஒரு முறை
மாடிப்படிக்கு அடியில் டார்ச் அடித்து,
பல்லி எச்சம் துடைத்து,
ஓடியதை ஓடியபடி அட்டையில் எழுதவேண்டிய வேலை.

ஆபீஸில் மிஞ்சிய அட்டை ஒன்று
இப்போது எங்கள் பீரோ கதவின் உட்பக்கம்,
கஸ்தூரியின் சேலைகளுக்கு எதிரே.
இணைப்பு எண் எழுதும் கட்டத்தில்
கடைசியாகக் குடித்த தேதி.
அவள் தினமும் பீரோவைத் திறக்கிறாள்.
ஒன்றும் கேட்டதில்லை.

கூட்டம் செவ்வாயும் வெள்ளியும்.
பெரம்பூரில் சர்ச்சுக்குப் பின்னால்
ஞாயிறு வகுப்பு நடக்கும் அறை.
குழந்தைகள் நாற்காலி, முழங்கால் தாடையில் இடிக்கும்.
சுவரில் நோவாவின் கப்பல்.
ஒட்டகச்சிவிங்கி தலையை நீட்டி எங்களைக் கேட்டுக்கொண்டிருக்கும்.
‘என் பெயர் தனசேகர், நான் ஒரு குடிநோயாளி.’
தனசேகர் முதல் நாளே வந்தது.
மிச்சம் வர மூன்று வாரம்.

ஸ்பான்சர் இம்தியாஸ், ஜெராக்ஸ் கடை,
என்னைவிடப் பதினோரு வயது சின்னவன்.
ராத்திரி பத்தேகாலுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுப்பேன்:
கடை ஷட்டர் இறங்கிவிட்டது, இன்றைக்கு இல்லை.
அவன் ஒன்று திருப்பிக் கொடுப்பான்:
சரி, படுங்க.

30. 60. 90.
தொண்ணூறுக்கு ஒரு வில்லை தந்தார்கள்.
சில்லறையோடு கிடந்ததைக் கவனிக்காமல்
29சி-யில் கண்டக்டரிடம் நீட்டிவிட்டேன்.
புரட்டிப் பார்த்துவிட்டு
‘இது செல்லாதுங்க’ என்றார்.

படி என்றால் எனக்குத் தெரிந்தது
அகவிலைப்படி, பயணப்படி.
நாலாம் படிக்கு ஒரு நோட்டு வாங்கினேன்,
நாற்பது பக்கம், ஒரே மூச்சில்.
இம்தியாஸ் எட்டாம் பக்கத்தில் நிறுத்தி
‘எல்லாம் அண்ணியைப் பத்தியே இருக்கே,
இது யார் வீட்டு மீட்டர்?’ என்றான்.

வேறு நோட்டு.
‘கதவு பூட்டியிருந்தது’ என்று நான் எழுதிய வீடுகள்.
திறந்துதான் இருந்தன.
பூட்டியிருந்தது நான்,
பகல் பன்னிரண்டே காலுக்கு,
பாரில், அவித்த முட்டைக்கு மிளகுத்தூள் கேட்டபடி.

211.
அன்று மச்சினன் சாவு.
பாடை கட்டுகிற இடத்தில்
ஒரு பிளாஸ்டிக் தம்ளர் கைமாறிக் கைமாறி வந்து
என்னிடம் நின்றது.

அட்டையைக் கிழிக்கப் போனேன்.
வாசலில் இம்தியாஸ், ஹெல்மெட்டைக்கூடக் கழற்றாமல்.
‘மீட்டர் மாத்தினா என்ன எழுதுவீங்க?’
பழைய மீட்டர் இறுதி அளவு.
புது மீட்டர் ஆரம்ப அளவு.
‘பழசை அழிப்பீங்களா?’
அழித்தால் மெமோ வரும் என்றேன்.
அப்புறம் டீ மட்டும் குடித்தோம். சர்க்கரை கம்மியாக அவனுக்கு.

211-க்குக் கீழே 0.

ஒன்பதாம் படியில் முதல் ஆள் டெய்சி அக்கா.
வீட்டிலேயே தையல், மோட்டார் மிஷின்.
நான் போகாத ஒரு முறை
நாலு மாத யூனிட்டும் ஒரே பில்லில் விழுந்து,
ஸ்லாப் ஏறி,
கம்மலை அடகு வைத்துக் கட்டியிருந்தார்.
இரண்டாயிரத்து நூற்றுப் பத்து.
எண்ணினார். மறுபடியும் எண்ணினார்.
மன்னிப்பு என்ற சொல்லை நான் சொல்லி முடிப்பதற்குள்
‘வந்ததுதான் வந்தீங்க, மீட்டரைப் பாத்துட்டுப் போங்க,
வேகமா ஓடுற மாதிரி இருக்கு’ என்றார்.
பார்த்தேன். சரியாகத்தான் ஓடியது.
ஊசியை நூலில் விட்டுக்கொண்டே தலையாட்டினார்.
அவ்வளவுதான்.

இன்று 104.

கஸ்தூரி கதவைத் திறக்கிறாள்.
திறந்ததும் ஒரு கணம்
மூச்சை உள்ளே இழுக்கிறாள்.
பத்தொன்பது வருடமாய் அவள் எடுக்கும் அளவு.
90-ஆம் நாள் எடுத்தாள். 211-ஆம் நாள் எடுத்தாள்.
அவளுடைய அட்டை எங்கே தொங்குகிறது,
கடைசியாக என்ன எழுதியிருக்கிறது,
எனக்குத் தெரியாது.

செருப்பைக் கழற்றி ஓரமாய் விட்டு
வாயை நன்றாகத் திறந்து
‘வந்துட்டேன்’ என்கிறேன்.